புற்றை இடித்துவிட்டுக் காளானுக்கு எங்கே போவது?

இந்த வருஷமும் அந்தியூரிலிருந்து பர்கூர் மலைக்கு ஏறுகிற ரோட்டோரத்தில் புற்றுக்காளான் வந்துவிட்டது. தேக்கு இலையை விரித்து அதன்மேல் கூறு கூறாக வைத்து விற்கிறார்கள். கூறு வருஷா வருஷம் சிறுத்துக்கொண்டே போகிறது, விலை மட்டும் ஆட்டுக்கறியை எட்டிப் பிடிக்கப் பார்க்கிறது. காரை நிறுத்தி இறங்குகிறவர்கள் "காளானுக்கா இவ்வளவு?" என்று வாயைப் பிளப்பதையும், சூப்பர் மார்க்கெட்டில் பட்டன் காளான் பாக்கெட் என்ன விலை என்று சொல்லிப் பேரம் பேசுவதையும் பார்த்தால் எனக்கு எரிச்சலாக வரும். பட்டன் காளானைக் குளிரூட்டிய ஷெட்டுக்குள் வைத்து வருஷம் முழுக்க எடுக்கலாம். சிப்பிக்காளானுக்கு ஒரு பழைய அறையும் நாலு மூட்டை வைக்கோலும் போதும். புற்றுக்காளானை இந்த உலகத்தில் ஒழுங்காக வளர்க்கத் தெரிந்தது கறையான் மட்டும்தான், அதைத்தான் நாம் மருந்து ஊற்றிக் கொன்றுகொண்டிருக்கிறோம்.

இதைப் பற்றி ரொம்ப நாளாக எழுத வேண்டும் என்று இருந்தேன். போன வாரம் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் யாரோ "இடி இடித்தால் காளான் முளைக்கும், பாம்பு மூச்சு பட்டால் அது விஷமாகும்" என்று ஒரு வீடியோவைப் போட, மாமா ஒருவர் அதற்குக் கைகூப்பி நன்றி வேறு சொல்லியிருந்தார். சரி, இனியும் தள்ளிப்போட வேண்டாம் என்று உட்கார்ந்துவிட்டேன்.

முதலில் ஆளை அடையாளம் சொல்லிவிடுகிறேன். மண்ணை விட்டு வெளியே வரும்போது மொட்டாக, நுனி கூராக, கைவிரல் பருமனில் இருக்கும். அந்தக் கூர்நுனி தொட்டால் நல்ல கெட்டியாக இருக்கும், ஏனென்றால் இறுகிப்போன செம்மண்ணைக் குத்திக்கொண்டு மேலே வர வேண்டிய பாகம் அதுதான். ஒருநாளில் குடை விரிந்துவிடும். வெள்ளையோ சாம்பலோ கலந்த நிறம், நடுவில் அந்தக் கூர் மட்டும் கருத்துப்போய் ஒரு குமிழாக நிற்கும். அடிப்பக்கத்து மடிப்புகள் முதலில் வெள்ளை, முற்ற முற்ற லேசான ரோஜா நிறம் ஏறும். இவையெல்லாம் மேலே தெரிகிற சங்கதி. உண்மையான அடையாளம் மண்ணுக்குக் கீழே இருக்கிறது.

மலையடிவாரத்தில் எங்கள் தோட்டம் முடிகிற இடத்தில் ஊஞ்ச மரமும் வேலா மரமுமாக ஒரு கரடு இருக்கிறது, அங்கே முளைத்திருந்த ஒன்றை, தண்டை ஒடிக்காமல் அடிவரைக்கும் போய்ப் பார்த்துவிட வேண்டும் என்று ஒருமுறை சிறு கொத்தும் பழைய கரண்டியுமாக உட்கார்ந்தேன். மண்ணுக்கு மேலே தண்டு விரல் பருமன் இருந்தது. மண்ணுக்குள் நுழைந்ததும் அது நின்றுவிடவில்லை, மெலிந்துகொண்டே வேர் மாதிரி இறங்கியது, மேல்தோல் கருத்து, உள்ளே ஒடித்தால் வெள்ளை நாராக. ஒரு கல் குறுக்கே வந்த இடத்தில் அதைச் சுற்றி வளைந்து போயிருந்தது. ஒரு முழத்துக்கு மேலேயே தோண்டியிருப்பேன். கடைசியில் கொத்து சட்டென்று வெற்றிடத்தில் இறங்கியது. உள்ளே உள்ளங்கை அகலத்துக்கு வழவழவென்று பூசிய ஒரு அறை, அதில் குழிகுழியாக, தொட்டால் நொறுங்குகிற பழுப்பு நிறக் கட்டி ஒன்று. அதன் மேலெல்லாம் ரவை அளவில் வெள்ளை வெள்ளையாக உருண்டைகள். காளானின் வால் அந்தக் கட்டியில்தான் போய் ஒட்டியிருந்தது. சிப்பாய்க் கறையான்கள் வந்து விரலைக் கவ்வ ஆரம்பித்ததும் மண்ணைத் தள்ளி மூடிவிட்டேன். மறுநாள் போய்ப் பார்த்தபோது மேலே ஈரமண் புதிதாகப் பூசியிருந்தது.

அந்தப் பழுப்புக் கட்டிதான் இந்தக் கதையின் மையம். கறையான் மரத்தை அரிக்கிறது, காய்ந்த சருகைத் தின்கிறது என்று நாம் சொல்கிறோமே, நம் ஊர்ப் புற்றுக் கறையானுக்கு அதை முழுசாகச் செரிக்கும் திராணி கிடையாது. காய்ந்த மரம், சருகு, புல், சாணி என்று கிடைத்ததைக் கொண்டுவந்து இளம் வேலைக்காரக் கறையான்கள் தின்கின்றன, கூடவே அந்த வெள்ளை உருண்டைகளையும் தின்கின்றன. உருண்டைக்குள் பூஞ்சையின் வித்துகள் இருக்கின்றன. வயிற்றுக்குள் இரண்டும் கலந்து, பாதி செரித்தபடி வெளியே வருவதைக் கட்டியின் மேல் விளிம்பில் வைத்து அப்புகின்றன. அந்த எருவில் பூஞ்சை படர்ந்து, மரத்தின் கடினமான பாகத்தையெல்லாம் சில வாரங்களில் பக்குவப்படுத்திவிடும். அப்புறம் வயசான கறையான்கள் கட்டியின் அடிப்பக்கத்திலிருந்து தின்றுகொண்டு வரும். மேலே புதுசு சேர்ந்துகொண்டே இருக்கும், கீழே பழசு தீர்ந்துகொண்டே இருக்கும். நாற்று விடுவது, எரு போடுவது, அறுப்பது எல்லாம் ஒரே வீட்டுக்குள்.

களை எடுப்பதும் உண்டு. அந்தக் கட்டிக்குள்ளேயே சைலேரியா வகைப் பூஞ்சை ஒன்று சத்தமில்லாமல் ஒதுங்கிக் கிடக்கிறது. கறையான்கள் இருக்கும்வரை அதைத் தலைதூக்க விடமாட்டா. கறையான் செத்தோ வெளியேறியோ போன புற்றில் அது நூலும் குச்சியுமாகக் கிளம்பி மொத்தக் கட்டியையும் பிடித்துக்கொள்ளும். கைவிட்டுப்போன புற்றின் மேல் கறுப்பாக விரல் விரலாக நீட்டிக்கொண்டிருப்பதைப் பார்த்திருந்தால், அது இந்த ஆள்தான். அங்கே இனிமேல் காளானுக்குக் காத்திருக்க வேண்டாம்.

இந்த விவசாயம் ஆப்பிரிக்காவில் ஏறத்தாழ 3 கோடி வருஷத்துக்கு முன்னால் ஒரே ஒரு முறை தொடங்கி, அங்கிருந்து ஆசியாவுக்குப் பரவியது என்று மரபணுக்களை வைத்துச் சொல்கிறார்கள். மனுஷன் விதைக்கக் கற்று 10,000 வருஷம் சொச்சம்தான் ஆகிறது. அத்தனை காலமாக இரண்டும் பிரியாமல் இருப்பதால் இன்றைக்கு ஒன்றில்லாமல் மற்றொன்று காட்டில் பிழைக்காது. உலகம் முழுக்க இப்படிக் காளான் வளர்க்கிற கறையான் 330 வகை போல இருக்கின்றன, எல்லாமே ஆப்பிரிக்காவிலும் ஆசியாவிலும். அமெரிக்கக் கண்டத்தில் இந்த வேலையை இலைவெட்டி எறும்புகள் தனியாகக் கற்றுக்கொண்டன, ஆனால் அவை வளர்ப்பது வேறு பூஞ்சை.

சரி, கறையானுக்குத் தேவை அந்த வெள்ளை உருண்டைதான் என்றால், குடை விரிக்கிற காளான் எதற்கு? கறையானுக்கு அதனால் நேரடியாக ஒரு லாபமும் இல்லை. சாதாரண நாட்களில் உருண்டைகளைத் தின்று தின்று அவை குடையாக வளராமலே பார்த்துக்கொள்கின்றன. மழைக்காலத்தில் சில உருண்டைகள் தப்பித்து நீண்டு, மண்ணைத் துளைத்துக்கொண்டு வெளியே வந்து, குடையை விரித்து வித்தைக் காற்றில் விடுகின்றன. அது பூஞ்சை தன் வம்சத்துக்காகச் செய்கிற காரியம். இந்த நேரக்கணக்குதான் எனக்கு ரொம்பப் பிடித்தது. முதல் மழைக்குப் புற்றிலிருந்து ஈசல் கிளம்புகிறதே, அவைதான் வருங்கால ராஜா ராணிகள். இறக்கையை உதிர்த்துவிட்டு மண்ணுக்குள் போய் முட்டையிட்டு, முதல் தலைமுறை வேலைக்காரர்கள் பிறந்து இரை தேட வெளியே வருவதற்குள் சில வாரங்களோ ஓரிரு மாதமோ ஆகிவிடும். அந்தப் புதுக் குடும்பத்திடம் பூஞ்சை கிடையாது. பெரும்பாலான வகைகளில் தாய்வீட்டுச் சீதனமாக எதுவும் வருவதில்லை. இரை தேடிப் போகிற குட்டிகள்தான் சருகோடு சருகாக ஒட்டியிருக்கிற வித்தைத் தற்செயலாக எடுத்து வர வேண்டும். அவை வெளியே வருகிற காலத்தை ஒட்டித்தான் பழைய புற்றில் காளான் விரிகிறது. மைக்ரோடெர்மிஸ் என்ற பேரினத்தில் ராணியும், மாக்ரோடெர்மிஸ் பெல்லிகோசஸ் என்ற ஆப்பிரிக்க வகையில் ராஜாவும் தன் வயிற்றிலேயே வித்தைச் சுமந்துகொண்டு போகும், அவை விதிவிலக்கு.

ஆக, ஒரு புற்றில் விரிந்த காளான் அத்தனையையும் வழித்து எடுத்தால், சுற்றுவட்டாரத்தில் புதிதாகக் குடியேறிய கறையானுக்கு விதை இல்லை. பத்துக்கு இரண்டையாவது விரிய விட்டுவிட்டு வாருங்கள் என்று நான் சொல்வதற்குக் காரணம் இதுதான். மலையில் பறிக்கிறவர்கள் பலர் நன்றாக விரிந்து ஓரம் கிழிந்ததை எப்படியும் தொடமாட்டார்கள், ஒருநாளில் புழு விழுந்துவிடும் என்று. காரணம் எதுவானாலும் நல்ல பழக்கம்.

இடி விஷயத்துக்கு வருகிறேன். இடிக்கும் காளானுக்கும் சம்பந்தமே இல்லை என்று ஒரேயடியாகச் சொல்லிவிடவும் முடியாது. ஜப்பானில் இவாத்தே பல்கலைக்கழகத்தில் ஷீட்டாக்கே என்ற காளானை வளர்க்கிற மரக்கட்டைகளுக்கு உயர் மின்னழுத்த அதிர்ச்சி கொடுத்துப் பார்த்து, விளைச்சல் கூடியதாகச் சொல்லியிருக்கிறார்கள். ஆனால் அது கட்டையில் நேராக மின்சாரம் பாய்ச்சிய சோதனை. நம் புற்றுக்குத் தேவை, நாலைந்து நாள் விட்டுவிட்டுப் பெய்கிற மழையும் புழுக்கமும். மண் ஆழம்வரை நனைய வேண்டும், மேல்மண் இளக வேண்டும். ஆவணி, புரட்டாசியில் எங்கள் பக்கம் அந்த மாதிரி மழை இடியோடுதான் பெய்யும், அதனால் பெயர் இடிக்குப் போய்விட்டது. பாம்பு மூச்சு பற்றி எழுத எதுவும் இல்லை. பாம்பு புற்றுக்குள் இருக்கும், அது உண்மை, கறையான் புற்றெடுக்கக் கருநாகம் குடிபுகுந்த கதைதான். புற்றுக்குள் கையை விடாதீர்கள். மற்றபடி அதன் மூச்சு காளானை ஒன்றும் செய்யாது.

இதையெல்லாம் யார் முதலில் கவனித்தார்கள் என்று தேடிக்கொண்டு போனால் கதை நம் தரங்கம்பாடியில் வந்து நிற்கிறது. ஜொஹான் கெர்ஹார்ட் கோனிக், உயிரினங்களுக்கு இரட்டைப் பெயர் வைக்கும் முறையை வகுத்த லின்னேயஸிடம் படித்தவர், 1768இல் டேனிஷ் மிஷன் மருத்துவராகத் தரங்கம்பாடிக்கு வந்து, செடிகொடி பூச்சி என்று எதையும் விடாமல் குறித்துவைத்த மனுஷன். கறையான்களைப் பற்றி அவர் எழுதி 1779இல் ஜெர்மன் மொழியில் வெளிவந்த கட்டுரையில் கூட்டுக்குள் பூஞ்சை இருப்பதைச் சொல்லிவிட்டார். ஆப்பிரிக்கக் கறையான்களைப் பற்றி ஸ்மீத்மன் லண்டனில் எழுதிப் பிரபலமானது அதற்கு இரண்டு வருஷம் கழித்து. 1847இல் பெர்க்லி என்ற ஆங்கிலேயர் இலங்கையிலிருந்து போன மாதிரியை வைத்துப் புற்றுக்காளானில் ஒரு வகைக்குப் பெயர் சூட்டினார். 1906இல் இலங்கையின் பேராதனைத் தாவரவியல் பூங்காவிலிருந்து டாம் பெட்ச் புற்றுக்குள் இருக்கும் பூஞ்சைகளைப் பற்றித் தனியாக ஒரு பெரிய ஆய்வே வெளியிட்டார். புற்றுக்காளான்கள் அடங்கிய டெர்மிட்டோமைசிஸ் என்ற பேரினத்தை 1942இல் தனியாகப் பிரித்துவைத்தவர் பிரெஞ்சுக்காரரான ரோஜர் ஹைம். அவர் பெயரை வைத்து 1979இல் சென்னைப் பல்கலைக்கழகத்தின் நடராஜன் ஒரு புதிய வகையை விவரித்தார், டெர்மிட்டோமைசிஸ் ஹைமீ. தண்டில் மோதிரம் போட்ட மாதிரி ஒரு வளையத்தோடு வருகிற பெரிய வெள்ளைக் காளான் அது. அதாவது தரங்கம்பாடி, பேராதனை, சென்னை. நம் ஆட்கள் இதைக் கறியாக்கித் தின்றது அதற்கெல்லாம் எத்தனையோ காலம் முந்தி. ஆனால் பழைய பாட்டில் காளான் வருவது பெரும்பாலும் பசிக்குச் சாட்சியாகத்தான். சிறுபாணாற்றுப்படையில் பாணன் வீட்டு அடுக்களையில் கறையான் அரித்த மண்தூளில் காளான் பூத்துக் கிடக்கும். அதைக்கூடச் சமைக்கவில்லையே என்று படிக்கும்போதெல்லாம் எனக்குத் தோன்றும், அவர்களுக்கு அது தின்கிற வகை இல்லை போல.

வகைகளில் இரண்டைச் சொல்லாமல் விட முடியாது. ஒன்று ஜாம்பியாக் காட்டில் முளைக்கிற டைட்டானிகஸ், 1980இல் விவரித்தார்கள், குடையின் விட்டம் 1 மீட்டர் வரை போகும். உலகத்திலேயே தின்னக்கூடிய காளான்களில் மிகப் பெரியது அதுதான் என்கிறார்கள். இன்னொன்று அதற்கு நேர் எதிர், நம் ஊர் அரிசிக்காளான். இது புற்றுக்குள்ளிருந்து வேர்விட்டு வருவதில்லை. கறையான்களே பழைய கட்டியைத் துண்டு துண்டாக வெளியே தூக்கிவந்து மண்மேல் போட, அதிலிருந்து சுண்டுவிரல் நகத்தளவில் நூற்றுக்கணக்கில் ஒரே ராத்திரியில் பூக்கும். பறிப்பதற்குள் இடுப்பு விட்டுப்போகும், மண் அலசுவதற்குள் பொறுமை விட்டுப்போகும். ஆனால் ருசியில் எனக்கு அதுதான் முதலிடம்.

விஷக் காளான் பற்றி இப்போதே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இதைப் படித்துவிட்டு யாராவது பையை எடுத்துக்கொண்டு கிளம்பினால் பாவம் எனக்கு வரும். மழைக்குப் பின் புல்தரையில், எருக்குழி ஓரத்தில், வெள்ளையாக மேலே பழுப்புச் செதிலோடு பெரிய குடையாக ஒன்று வரும், குளோரோபில்லம் மாலிப்டைட்டிஸ். பார்ப்பதற்கு அத்தனை லட்சணமாக இருக்கும், வளையம்கூட உண்டு. வளையம் இருந்தால் நல்ல காளான் என்று ஒரு பேச்சு இருக்கிறதே, அதை நம்பி ஏமாறுவது இதில்தான். தின்று ஒன்றிரண்டு மணி நேரத்தில் வாந்தியும் பேதியும் பிழிந்தெடுக்கும். முற்றியதன் அடிமடிப்பு பச்சை ஓடும், ஆனால் இளசில் அது தெரியாது. குடையைத் தண்டு நீக்கி ஒரு வெள்ளைத் தாளில் ராத்திரி முழுக்கக் கவிழ்த்துவைத்தால் காலையில் பச்சைத் தூள் படிந்திருக்கும். புற்றுக்காளானில் இளரோஜா நிறத் தூள் படியும். அதைவிடப் பெரிய வித்தியாசம் நான் முன்பே சொன்ன அந்த வேர். குளோரோபில்லத்தின் தண்டு அடியில் கொஞ்சம் பருத்து அத்தோடு முடிந்துவிடும், கறையான் கட்டிவரை போகாது.

அமானிட்டா இனத்துக் கொடும் விஷக் காளான்கள் இன்னும் மோசம். அவற்றின் அடியில் கிழிந்த பை மாதிரி ஒரு உறை இருக்கும், மேலோடு ஒடித்து எடுத்தால் அந்த உறை மண்ணிலேயே தங்கிவிடும், அடையாளமும் போய்விடும். தின்று 6 மணியிலிருந்து 12 மணி நேரம்வரை ஒன்றுமே தெரியாது, சில சமயம் அதற்கும் மேலே. அப்புறம் வயிற்றுப்போக்கு, நடுவில் தேறின மாதிரி ஒரு நாள், அதற்குள் கல்லீரல் போய்க்கொண்டிருக்கும். 2022 ஏப்ரலில் அசாமில் காட்டுக்காளான் தின்று 13 பேர் செத்தார்கள், பெரும்பாலும் தேயிலைத் தோட்டத்துக் குடும்பங்கள். மஞ்சள் போட்டுக் கொதிக்கவைத்தால் நிறம் மாறும், பூண்டு கறுத்தால் விஷம், வெள்ளிக் காசு கறுத்தால் விஷம், புழு தின்றால் நல்லது என்று வீட்டுக்கு வீடு ஒரு சோதனை வைத்திருக்கிறோம். ஒன்றுகூட வேலைக்கு ஆகாது. அமானிட்டாவின் நச்சு கொதித்தாலும் அழியாது, புழுவும் அதைத் தின்னும். காளான் தின்றபின் உடம்பு ஏதோ செய்தால், மிச்சம் இருக்கும் காளானையோ குழம்பையோ கையோடு எடுத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போங்கள். நானே பறிக்கிறேன் என்று புதிதாக இறங்குகிறவர்களுக்கு என் யோசனை, முதல் சில பருவம் தெரிந்தவர் பின்னால் கூடை தூக்கிக்கொண்டு போங்கள், அவ்வளவுதான்.

தெரிந்தவர் உங்களை எளிதில் கூட்டிக்கொண்டு போகமாட்டார், அது வேறு விஷயம். ரோட்டோரத்தில் விற்கிற ஒரு ஆயாவிடம் "ஏனுங் ஆயா, எந்தப் பக்கம் பறிச்சீங்க?" என்று கேட்டேன். "மலைமேல கண்ணு" என்றார். மலை மொத்தமும் மேலேதானே ஆயா என்றதற்கு, "இடத்தைச் சொல்லிப்போட்டா அடுத்த மழைக்கு எனக்கு முந்தி நீ போய் நிப்பியே சாமி" என்று சிரித்துக்கொண்டே ஒரு மொட்டை எடுத்துக் கூறில் கூடுதலாக வைத்தார். நியாயம்தான். ஒரு புற்று உயிரோடு இருக்கும்வரை வருஷா வருஷம் அதே இடத்தில் காளான் வரும். அவருடைய நிலம் அது, பட்டா மட்டும்தான் இல்லை.

சமையல். கோழிக்கறி மாதிரி இருக்கும் என்று சொல்லிச் சொல்லியே இதைக் கெடுத்துவிட்டார்கள், கோழிக்கறி மசாலாவைக் கொட்டி கோழிக்கறியாகவே ஆக்கிவிடுகிறார்கள். பட்டை கிராம்பு போட்டால் இதன் வாசம் செத்துவிடும். தண்டின் அடிமண்ணைக் கத்தியால் சுரண்டி, குடையின் மேல்தோலை ஓரத்திலிருந்து உரித்து, இரண்டு மூன்று தண்ணீரில் வேகமாக அலசி எடுங்கள், ஊறப்போடாதீர்கள். கத்தியால் நறுக்காமல் கையால் நார் நாராகக் கிழிக்க வேண்டும். இரும்புச் சட்டியில் கடலெண்ணெய், கடுகு, சீரகம், வரமிளகாய், கை நிறையச் சின்ன வெங்காயம், அது பொன்னிறமானதும் காளான், உப்பு. தண்ணீர் ஊற்ற வேண்டாம், அதுவே விடும். விட்ட தண்ணீர் சுண்டி எண்ணெய் பிரியும்போது இடித்த மிளகு. எங்கள் அம்மாயி கடைசியில் ஒரு பிடி தேங்காய்த் துருவல் போடுவார், நான் போடுவதில்லை. குழம்பு வைக்கிறவர்கள் கொத்தமல்லி விதையும் தேங்காயும் வறுத்து அரைத்து ஊற்றுவார்கள், ராகிக் களிக்கு அதுதான் சரி. நன்றாக வேக வேண்டும், அரைவேக்காடு ஆகாது. அன்றைக்குப் பறித்தது அன்றைக்கே அடுப்புக்குப் போக வேண்டும், ஃபிரிட்ஜில் வைத்தால் மறுநாள் கொழகொழத்துப் புழு நெளியும்.

அப்படியென்றால் ஏன் யாரும் இதை வளர்த்து விற்கவில்லை என்று கேட்பீர்கள். பால் காளானைப் பாருங்கள், அதுவும் வங்காளத்தில் காட்டிலிருந்து வந்ததுதான். தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் அருப்புக்கோட்டையில் அதைப் பழக்கி 1998இல் ஏபிகே 2 என்று வெளியிட்டது, இன்று தென்னிந்தியா முழுக்கப் பண்ணைகளில் கிடைக்கிறது. புற்றுக்காளானில் அது நடக்கவில்லை. கண்ணாடித் தட்டில் பூஞ்சை இழை வளரும், மெதுவாக. அந்த வெள்ளை உருண்டைகூட வரும். ஆனால் பண்ணை வைக்கிற அளவுக்கு நம்பிக்கையாகக் குடை விரிக்கவைக்க முடியவில்லை. கறையான் தருகிற எரு, களையெடுப்பு, வெப்பம், காற்று எல்லாவற்றையும் சேர்த்துத் தர நமக்கு இன்னும் கைவரவில்லை. காற்று என்றால் சும்மா இல்லை. நம் ஊர் ஒடொன்டோடெர்மிஸ் கறையானின் கோபுரப் புற்றுகளைப் பெங்களூரில் வைத்து ஹார்வர்டு ஆய்வாளர் மகாதேவனும் கூட்டாளிகளும் அளந்து 2015இல் எழுதினார்கள். பகலில் புற்றின் வெளிப்புறத்து மடிப்புகள் சீக்கிரம் சூடேறி அங்கே காற்று மேலே போகும், நடுவில் கீழே இறங்கும். ராத்திரி வெளிப்புறம் ஆறியதும் ஓட்டம் அப்படியே திரும்பும். பகலில் சேர்ந்த கரியமில வாயு ராத்திரியில் வெளியேறும். விசிறி இல்லை, மின்சாரம் இல்லை. ஆகவே "புற்றுக்காளான் விதை, வீட்டிலேயே வளர்க்கலாம்" என்று யாராவது பாக்கெட் விற்றால் பர்ஸை மூடிக்கொள்ளுங்கள்.

எங்கள் ஊர் எல்லையில் சோளம் விதைத்துக்கொண்டிருந்த ஒரு பெரிய பூமி போன வருஷம் மனை போடுவதற்காக விலைபோனது. ஆள் உயரத்துக்கு மேல் நின்ற புற்றுகள் அதில் இருந்தன. ஜேசிபி ஒரே காலையில் எல்லாவற்றையும் நிரவிவிட்டு, மிச்சத்தில் மருந்தை ஊற்றிவிட்டார்கள், வீடு கட்டுகிறவர்கள் கறையான் இருந்தால் வாங்கமாட்டார்களாம். வேப்பமரத்தடியில் மஞ்சள் பூசிக் குங்குமம் வைத்திருந்த ஒன்றை மட்டும் விட்டுவைத்தார்கள். ஆடி வெள்ளிக்கு அதற்குப் பால் ஊற்றுகிறார்கள், பாலும் முட்டையும் கறையானுக்கு ஒரு உபகாரமும் இல்லை, ஆனால் அந்தப் பயத்தில் இயந்திரம் ஒதுங்கிப் போனதே, அதுவரைக்கும் சந்தோஷம்.

விவசாயிகள் கறையானைத் திட்டுவதில் நியாயம் இல்லாமல் இல்லை. கரும்புக் கரணையை நட்ட வாரத்திலேயே உள்ளே குடைந்து கூடாக்கிவிடும், தென்னங்கன்றையும் விடாது. ஆனால் வயலுக்குள் கரணையைக் காப்பாற்றுவதும், வரப்பில் நிற்கிற புற்றுக்கு மருந்துக் கேனைக் கவிழ்ப்பதும் ஒன்றா? எங்கள் தோட்டத்தில் கரட்டை ஒட்டிய கடைசி வரப்பில் இரண்டு புற்று நிற்கின்றன. அந்தப் பக்கம் மட்டும் சருகைக் கூட்டி எரிப்பதில்லை, ஒடிந்து விழுந்த கிளையை அப்படியே கிடக்க விடுகிறோம், தின்ன வேறு இருந்தால் கன்றுப் பக்கம் வருவது குறைகிறது என்பது அப்பாவின் கணக்கு. தென்னங்கன்று நட்டதை எட்டத் தள்ளி, குழியில் வேப்பம் புண்ணாக்குப் போட்டு நட்டோம். கன்றுகளில் ஒன்று பட்டுப்போனது, மற்றவை பிடித்துவிட்டன. புற்று இரண்டிலும் இந்தப் புரட்டாசி மழைக்குக் காளான் வந்தது, கிழக்குப் பக்கத்துப் புற்றில் கொஞ்சம் கூடுதலாக. எந்த ஊர் எந்த வரப்பு என்று மட்டும் கேட்காதீர்கள், ஆயாவின் பதில்தான் கிடைக்கும்.